தெளிவும் மருட்சியும்: பாவைத் திரைப்படம் ஒன்றின் மறுகாட்சி

நாணமில்லாரின் வாழ்வுக்கு உவமை தேடிய வள்ளுவர், கயிற்றின் இயக்கத்தால் உயிருடையது போல மயக்கும் மரப்பாவையைக் கண்டார். சிலப்பதிகாரத்து மாதவி ஆடிய பதினோராடலுள் பாவையும் ஒன்று. பாவைக்கலை தமிழர்க்குப் புதிதன்று. அக்கலையின் அடியில் கிடக்கும் வினாவும் புதிதன்று. கயிறு கண்ணிற்படுமாயின் மயக்கம் நிலைக்குமா? ஜிம் ஹென்சனும் பிராங் ஒஸும் நெறிப்படுத்தி 1982 இல் வெளிவந்த 'தி டார்க் கிறிஸ்டல்' என்னும் திரைப்படத்தை உயர்தெளிவு இறுவட்டில் மீண்டும் காண்பார்க்கு இவ்வினா எழாமற் போகாது.

இப்படத்தில் மனித முகம் ஒன்றேனும் இல்லை. ஓவியர் பிரையன் புரவுட் வரைந்த உருவங்களே நடிகர். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் உடைந்த பளிங்கின் சில்லை மீண்டும் பொருத்தச் செல்லும் ஜென் என்னும் இளைஞனின் பயணமே கதை. கொடியோராகிய ஸ்கெக்சிஸ் கூட்டத்தில் ஒருவனுக்குக் கையிற் காயம் பட்டால், சாந்தமே வடிவான முனிவர் கூட்டத்தில் அவனுக்கு இணையானவரின் கையிலும் காயம் தோன்றுகின்றது. இக்கருத்து ஒன்றே படத்தைச் சிறுவர் கதையினின்றும் உயர்த்தப் போதியது.

இதனைப் பலர் முதன்முதற் கண்டது தேய்ந்த ஒளிநாடாவிலேயாம். 2009 இல் புளூ ரே வட்டும், 2018 இல் மூலப் படச்சுருளினின்றும் புதுக்கப்பெற்ற நான்கு கே வட்டும் வெளிவந்தன. இன்று லிங்கநகரில் ஒரு வீட்டுக் கூடத்திலிருந்து காண்பவனுக்கும், துணியின் இழை வரை தெரிகின்றது.

இத்தெளிவால் பெரும்பயன் பெற்றோர் கொடியோரே. ஸ்கெக்சிஸ் விருந்துண்ணும் காட்சியைக் காண்க. நாடாவில் அவர்தம் ஆடை வெறும் கருங்குவியல். இப்போதோ நைந்த பின்னல்வேலையும், மங்கிய பட்டும், அழுக்கேறிய அணிகளும் புலனாகின்றன. அரசு சிதைந்த வரலாற்றை உடையே உரைக்கின்றது. மரணப்படுக்கையிற் கிடக்கும் மன்னனின் முகம் உதிர்ந்து நொறுங்கும்போது அருவருப்பும் இரக்கமும் ஒருங்கே தோன்றுகின்றன.

தலைவன் ஜெனுக்கோ தெளிவு பகையாயிற்று. வழுவழுப்பான கன்னமும் அசைவு குன்றிய வாயும் அண்மைக் காட்சியில் இறப்பர்த் தன்மையைக் காட்டிக்கொடுக்கின்றன. சுருக்கம் நிறைந்த முதிய முகம் பாவைக்கு எளிது; இளமையின் வெறுமையான அழகே அரிது. நாடாவின் மங்கல் இக்குறையை நெடுங்காலம் மறைத்து வந்தது.

ஆயின் பழைய மங்கலே நன்றென்பார் கூற்று ஏற்கத்தக்கதன்று. ஒளிப்பதிவாளர் ஒஸ்வால்ட் மொறிஸ், படப்பெட்டியின் முன் பொருத்திய ஒளிக்கருவியால் காட்சிகளுக்கு மெல்லிய நிறச்சாயல் ஊட்டினார். அது கலைஞன் வேண்டிச் செய்த மென்மை. நாடாவின் மங்கல் தேய்மானம். தோற்பாவைக் கூத்தில் விளக்கின் நடுக்கம் கலையின் கூறாகும். திரையிற் படிந்த அழுக்கு அவ்வாறாகாது. நாடாவில் இவ்விரண்டும் கலந்து கிடந்தன. வட்டில் அழுக்கு நீங்கச் சாயல் எஞ்சியது.

ஜெனும் கீராவும் கைதொட்டு, ஒருவர் நினைவை மற்றவர் காணும் காட்சி ஒன்றுண்டு. அங்கும் முகங்கள் அசைவது அரிது. விரல்கள் தயங்கி, நெருங்கி, தொடுகின்றன. இறப்பர் என்பது அங்கும் நன்றாகத் தெரிகின்றது. எனினும் அவ்வேளையில் எவரும் அதனைப் பொருட்படுத்துவதில்லை.