கித்தார் ஏற்றுப் பாடிய பாட்டு

பிளைன்ட் வில்லி ஜோன்சனைப் பற்றி யார் எழுதினாலும் விண்வெளியில் போய்த்தான் நிற்கிறார்கள். 1977இல் ஏவிய வொயேஜர் கலங்களின் தங்கத் தட்டில் அவருடைய ‘டார்க் வொஸ் த நைட்’ இருக்கிறது. கார்ல் சேகன் அதை, பொழுதுபட்டும் படுக்க இடமில்லாதவனின் பாட்டு என்று விளக்கினார். அதையே இப்பவும் எல்லாரும் சொல்றாங்க. எனக்கு உடன்பாடில்லை.

ஜோன்சன் டெக்சாஸ்காரர், கண்பார்வை இல்லாதவர், தெருவில் பாடிப் பிழைத்தவர். 1927 முதல் 1930 வரை கொலம்பியா கம்பனிக்குப் பதிந்த 30 பாட்டுகளில் ஏறக்குறைய எல்லாமே கிறிஸ்தவ பக்திப் பாட்டுகள். புளூஸ்காரர் என்று நாம் சொல்வது கித்தாரை வைத்துத்தான். கம்பிமேல் வழுக்கி, ஆள் குரல் மாதிரியே இழுப்பார்.

இந்தப் பாட்டின் மூலம், இயேசு பிடிபட்ட இரவைப் பற்றிய பழைய துதிப்பாட்டு. கறுப்பின மக்களின் தேவாலயங்களில் ஒருவர் அடியெடுத்துக் கொடுப்பார், சபை அதை நீட்டிப் பாடும். ஜோன்சன் ஒரு சொல்லும் சொல்லாமல் முனகுகிறார். கித்தார் அதை ஏற்றுப் பாடுது. கித்தார்தான் சபை. மனப்பாடமான சனத்துக்குச் சொல் எதுக்கு?

தனிமை என்ற விளக்கம் அவருடைய முடிவிலிருந்து வந்தது. போமொன்ட் நகரில் வீடு எரிந்து, அந்த எரிந்த வீட்டிலேயே படுத்து, நோய்கண்டு 1945இல் இறந்தார் என்பது மனைவி சொன்ன கதை. பாட்டு பதிந்ததோ 1927இல். 18 வருஷம் கழிச்சு வந்த துயரத்தைப் பாட்டுக்குள் கொண்டுபோய் வைக்கலாமா?

சந்தேகமிருந்தா 1930இல் பதிந்த ‘ஜோன் த ரெவலேட்டர்’ கேளுங்க. அவர் கேட்கக் கேட்க, வில்லி பி. ஹரிஸ் என்ற பெண் பதில் பாடுறா. முந்தின பாட்டில் கித்தார் நின்ற இடத்தில்தான் அவ நிற்கிறா.