காதால் படமெடுத்தவர்: ஏவி. மெய்யப்பனின் தயாரிப்புப் பணி

ஏவி. மெய்யப்பன் (1907–1979) இசைத்தட்டு வணிகத்தின் வழியாகத் திரைத்துறைக்கு வந்தவர். காரைக்குடியில் அவருடைய தந்தை ஆவிச்சி செட்டியாரின் கடையில் இசைத்தட்டுகளும் விற்பனையாயின. அங்கே தொழில் பழகியவர், 1930களின் தொடக்கத்தில் கூட்டாளிகளுடன் சென்னையில் சரஸ்வதி ஸ்டோர்ஸை நிறுவி, ஒடியன் இசைத்தட்டுகளை விற்றார். எந்தக் குரல் விலைபோகும், எது கடையிலேயே தங்கிவிடும் என்ற கணக்கு அவருக்கு அங்கேதான் படிந்தது. பின்னாளில் தயாரிப்பாளராக அவர் எடுத்த முக்கிய முடிவுகள் பலவற்றிலும் இந்தக் கணக்கைக் காணலாம்.

அன்றைய பேசும்படத்துக்கு ஆள் தந்தது நாடக மேடை. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை போன்ற குழுக்களில் நடிப்பவரே பாடவும் வேண்டும். சினிமாவும் அதே வழக்கத்தைப் பின்பற்றியது. மெய்யப்பனின் முதல் முயற்சிகளான ‘அல்லி அர்ஜுனா’, ‘ரத்னாவளி’ (இரண்டும் 1935) தோற்றன. ‘நந்தகுமா’ரில் (1938) அவர் வழக்கத்தை மாற்றினார். நடிகை ஒருவருக்காக லலிதா வெங்கட்ராமன் பாடினார். தமிழில் பின்னணிப் பாடலின் தொடக்கமாக இது கருதப்படுகிறது. சோழவந்தானை அடுத்த தென்கரையைச் சேர்ந்த டி.ஆர். மகாலிங்கம் சிறுவனாக அறிமுகமானதும் இப்படத்தில்தான்.

அதே மகாலிங்கம் நாயகனாக நடித்த ‘ஸ்ரீவள்ளி’யை (1945) மெய்யப்பனே இயக்கினார். வள்ளியாக நடித்த குமாரி ருக்மிணியின் பாட்டு, மகாலிங்கத்தின் உச்சக் குரலுக்கு ஈடாகவில்லை. ருக்மிணி பாடிய பாடல்களை மெய்யப்பன் நீக்கிவிட்டு, பி.ஏ. பெரியநாயகியைப் பாடவைத்துச் சேர்த்தார். முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது என்ற ஏற்பாட்டை மக்கள் தடையின்றி ஏற்றனர். படம் பெருவெற்றி பெற்றது. இதற்கு முந்தைய ஆண்டில், கன்னட ‘ஹரிச்சந்திரா’வுக்குத் தமிழ்க் குரல் கொடுத்து வெளியிட்டிருந்தார். இந்தியாவின் முதல் மொழிமாற்றுப் படமாக அது குறிப்பிடப்படுகிறது.

1945இல் ஏவி.எம். புரொடக்‌ஷன்ஸ் உருவானது. போர்க்காலச் சென்னையில் ஸ்டுடியோவுக்கு மின்இணைப்புக் கிடைப்பது அரிதாக இருந்ததால், காரைக்குடியில் தேவகோட்டை ரஸ்தாவில் இடம் பிடித்தார். நாடகக் கொட்டகை படப்பிடிப்புத் தளமானது; தொழிலாளர்களுக்குச் சுற்றிலும் கீற்றுக் குடிசைகள் எழுந்தன. அங்கே உருவான ‘நாம் இருவர்’ 1947 பொங்கலுக்கு வெளிவந்தது. டி.கே. பட்டம்மாள் பாட, குமாரி கமலா ஆட, பாரதி பாடல்கள் திரையரங்குகளில் ஒலித்தன. அப்பாடல்களின் இசைத்தட்டு, ஒலிபரப்பு உரிமையை மெய்யப்பன் முன்னரே விலைக்கு வாங்கியிருந்தார். நாடகக் கலைஞர்களான டி.கே.எஸ். சகோதரர்கள் ‘பில்ஹணன்’ படத்தில் பாரதி பாடலைப் பயன்படுத்தியபோது இந்த உரிமை வழக்காக வெடித்தது, பாரதி பொதுச்சொத்தாக வேண்டும் என்ற கோரிக்கையும் வலுத்தது. 1949இல் ஓமந்தூரார் அரசு உரிமையைக் கேட்டபோது, மெய்யப்பன் பணம் பெறாமல் விட்டுக்கொடுத்தார்.

1948இல் ஸ்டுடியோ கோடம்பாக்கத்துக்கு மாறியது. ‘வாழ்க்கை’ (1949) வைஜயந்திமாலாவை அறிமுகம் செய்து, பின்னர் தெலுங்கிலும் இந்தியிலும் உருவானது. 1952 தீபாவளிக்கு, நேஷனல் பிக்சர்ஸ் பெருமாளுடன் இணைந்து தயாரித்த ‘பராசக்தி’ வெளியானது. மதுரைத் தங்கம் தியேட்டரின் முதல் படமும் இதுதான். இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் அமரக்கூடிய அந்த அரங்கில், பாட்டுக்கு நிகராக மு. கருணாநிதியின் வசனமும் கூட்டத்தை இழுத்தது. தொடக்கத்தில் படத்தின் நாயகன் சிவாஜி கணேசன் மீது மெய்யப்பனுக்கு நம்பிக்கையில்லை; பெருமாள் உறுதியாக நின்றதாலேயே சிவாஜி படத்தில் நீடித்தார். காது தேர்ந்தவரின் கணிப்பும் தவறிய இடம் அது.

எஸ். பாலச்சந்தர் இயக்கிய ‘அந்த நாள்’ (1954) பாடலும் நடனமும் இல்லாமல் வந்தது. பாட்டை விற்று வளர்ந்தவரே அதற்குப் பணம் போட்டார். பாராட்டு வந்த அளவுக்கு வசூல் வரவில்லை. இந்தச் சோதனையை நிறுவனம் வழக்கமாக்கிக்கொள்ளவில்லை. ‘களத்தூர் கண்ணம்மா’ (1960), ‘அன்பே வா’ (1966) ஆகியவை பாடல்களோடுதான் வந்தன.

1979இல் மெய்யப்பன் மறைந்தபின் மகன்கள் நிறுவனத்தை நடத்தினர். ‘முரட்டுக் காளை’ (1980), தேசிய விருது பெற்ற ‘சம்சாரம் அது மின்சாரம்’ (1986) ஆகியவற்றோடு தொலைக்காட்சித் தொடர்களையும் தயாரித்தனர். தந்தையின் காலத்தில் வேரூன்றிய பின்னணிப் பாடலும் குரல்சேர்ப்பும் அதற்குள் தமிழ்த் திரைத்தொழில் முழுமைக்கும் அன்றாட நடைமுறை ஆகிவிட்டிருந்தன.