பெக்கிக்குக் கிடைத்தது என்ன?

பிரான்ஸிஸ் ஹாட்ஜ்ஸன் பர்னெட் அம்மையார் 1905-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'எ லிட்டில் பிரின்ஸஸ்' என்னும் நாவல், லண்டன் மாநகரில் மின்சின் என்னும் மாது நடத்தும் தனியார் பெண்கள் பாடசாலையைக் களமாகக் கொண்டது. சிறுமியர்க்குரிய கதையென இதனை ஒதுக்குவோர் உளர். ஒதுக்கத் தக்கதன்று என்பதே நம் துணிபு.

இந்தியாவிலிருந்து வந்த செல்வச் சிறுமி ஸாரா. அவள் வருமுன் மாணவியரிடையே தலைமை பெற்றிருந்தவள் லவீனியா. சிறு பிள்ளைகளை அதட்டுவது இவள் வழக்கம். ஸாராவோ அவர்களை அணைத்துக்கொள்கிறாள். பொறாமை மூள இது போதாதா? அம்மையார் லவீனியாவிடம் சிறிதும் இரக்கம் காட்டவில்லை. பணமுள்ள மாணவியை வரிசையின் முன்னே நிறுத்திப் பெருமை தேடிய மின்சினன்றோ இப்பகைக்கு வித்திட்டவள்!

நட்பைத் தீட்டுமிடத்தில் அம்மையார் கை நேர்த்தியானது. தந்தை இறக்க, பொருளும் போக, ஸாரா அப்பாடசாலையிலேயே வேலைக்காரியாகிறாள். மந்தபுத்தியுடைய தோழி எர்மென்கார்டு அவளை எதிரே கண்டு, சொல்வதறியாது, மிகவும் வருந்துகிறாயா என்று தடுமாறிக் கேட்டுவிடுகிறாள். ஸாரா மனம் புண்பட்டு விலகுகிறாள். பின்னர் மேல்மாடத்து அறைக்கு ஏறிச் சென்று சிநேகத்தை மீட்பவள் அந்தப் பேதைப் பெண்ணே; தன் செருக்கை ஸாராவும் அப்போது உணர்கிறாள். இப்பகுதியை நாம் இருமுறை வாசித்தோம்.

ஆயின் அடுப்படிச் சிறுமி பெக்கி? நீ நானாகாமையும் நான் நீயாகாமையும் தற்செயலே என்று அவளிடம் சொன்னவள் ஸாரா. அடுத்தடுத்த அறைகளில் இருவரும் ஒரே குளிரையும் பசியையும் அனுபவித்தனர். வைரச் சுரங்கத்துச் செல்வம் திரும்பி வந்ததும் ஸாரா சீமாட்டியாகிறாள். பெக்கி அவளுடைய பணிப்பெண்ணாகிறாள்! அம்மையார்க்கு இது மங்கள முடிவு. அச்சுரங்கத்தில் கல் வெட்டிய கரிய மனிதரோ ஸாராவின் கற்பனையில் ஒரு கணம் தோன்றி மறைவதோடு சரி.

அம்மையாரைக் கடிந்துகொள்ள எழுதுகோலை எடுத்தோம். பழைய நினைவொன்று தடுத்தது. லயத்தில் எம்மோடு கோலியாடிய தோழன் ஒருவன் இருந்தான். ஆங்கிலப் பள்ளிப் படிப்பை முடித்து நாம் கிராணியாகத் திரும்பிய முதல் நாள், பெரட்டுக் களத்தில் அவன் கைகட்டி நின்று, "கிராணி ஐயா" என்றான். பெயர் சொல்லி அழை என நாம் கூறவில்லை. செக்ரோலில் அவன் பெயருக்கு நேரே குறியிட்டு, அடுத்த பெயரை வாசித்தோம்.