சதுக்கத்தில் நிற்கும் மனிதன்

சிலப்பதிகாரத்திலே இருவகைச் சந்திகள் வருகின்றன. ஒன்று, காடுகாண் காதையில் மாங்காட்டு மறையவன் கோவலனுக்குச் சொல்லுவது. கொடும்பைக் குளக்கரையில் மதுரை செல்லும் வழி மூன்றாகப் பிரிகின்றது. வலப்பாலும் இடப்பாலும் நடுவிலும் செல்லும் அவ்வழிகளில் எதிர்ப்படுவன இவை இவை என அம்மறையவன் விரித்துரைக்கின்றான். மற்றொன்று, புகார் நகரத்துச் சதுக்கம். அங்கே வழி சொல்லுவார் எவருமிலர். பூதம் ஒன்றே நிற்கின்றது. தவவேடத்துள் மறைந்து அவஞ் செய்வாரும், பொய்க்கரி கூறுவாரும், புறங்கூறுவாரும் அதன் கையில் அகப்படுவர். முதற் சந்தி, ‘எவ்வழிச் செல்வாய்?’ என வினவுகின்றது. இரண்டாவது சந்தி, ‘வந்து நிற்கும் நீ யார்?’ என வினவுகின்றது.

வாழ்விலும் சமயத்திலும் பண்பாட்டிலும் வழி பிரியும் இடத்தில் வந்து நின்ற மனிதனைப் பொருளாகக் கொண்ட நாவல்கள் ஆசிய ஆபிரிக்க நாடுகளில் மிகப்பல. ஆங்கிலக் கல்வியும் பாதிரிமார் பணியும் அந்நியர் ஆட்சியும் தலைமுறை தலைமுறையாக வந்த ஒழுக்கத்தோடு மோதிய நாடுகளில் இப்பொருள் எழுத்தாளரைக் கவர்ந்தது இயல்பே. ஆயின், அவற்றுட் பெரும்பாலானவை கொடும்பைச் சந்தியோடு நின்றுவிடுகின்றன. பழமைக்கும் புதுமைக்கும் இடையே தலைவன் தத்தளிக்கின்றான்; இரு பக்கத்து வாதங்களும் பல அதிகாரங்களில் நிகழ்கின்றன; ஈற்றில் ஒன்று வெல்கின்றது. வாசகனும் தான் முன்னரே கொண்டிருந்த கொள்கைக்கேற்ப மகிழ்ந்தோ வெறுத்தோ நூலை மூடுகின்றான். அவனுள் யாதும் அசைவதில்லை. சதுக்கத்துக்கே வாசகனை அழைத்துச் செல்லும் நாவல்கள் சில. இரவீந்திரநாத தாகூரின் ‘கோரா’, யூ. ஆர். அனந்தமூர்த்தியின் ‘சம்ஸ்காரா’, நைஜீரிய எழுத்தாளர் சினுவா அச்சேபேயின் ‘கடவுளின் அம்பு’ ஆகிய மூன்றும் அச்சிலவற்றுட் சேர்த்து எண்ணத்தக்கன.

1910இல் நூலுருப் பெற்ற ‘கோரா’ மேலோட்டமாகப் பார்ப்போர்க்கு வாத நாவலாகவே தோன்றும். வைதிக இந்து சமயத்துக்கும் பிரம சமாஜத்துக்கும் இடையே கல்கத்தாவில் நிகழ்ந்த பிணக்கு அதில் விரிவாகப் பேசப்படுகின்றது. கதைத் தலைவனாகிய கோரா ஆசாரத்தில் மிக்க உறுதி பூண்டவன். லச்சுமியா என்னும் கிறிஸ்தவப் பணிப்பெண் ஊழியஞ் செய்யுங் காரணத்தால் தன் தாய் ஆனந்தமயியின் அறையில் நீரும் அருந்தாதவன். அம்மை நோயிற் கிடந்த காலத்தில் அவனைப் பேணிக் காத்தவள் அவளே என்பதும் அவ்வுறுதியை இளக்கவில்லை.

இத்தகையோன் கிராமங்களைக் காணப் புறப்பட்டு, அவுரித் தோட்டத் துரைமாரால் அலைக்கழிக்கப்பட்ட முஸ்லிம் குடியானவர் ஊர் ஒன்றை அடைகின்றான். அங்குள்ள நாவிதன் ஒருவன், தந்தை சிறைப்பட்டமையால் ஆதரவற்றுப்போன முஸ்லிம் சிறுவனைத் தன் வீட்டில் வைத்து வளர்க்கின்றான். அவ்வீட்டில் நீர் அருந்தினால் ஆசாரங் கெடும். நெடுந்தூரம் நடந்தால் துரைமாரின் ஏவலாளனாகிய பிராமணன் வீட்டில் ஆசாரங் கெடாமல் உண்ணலாம். கோரா முதலில் பின்னையதையே நாடி நடக்கின்றான். ஏழைகளை வருத்துவோன் வீட்டில் தூய்மை நிலைத்திருக்கும், அநாதையைக் காப்போன் வீட்டில் அஃது அழிந்துபோம் என்றால் அத்தூய்மை எத்தகையது என்னும் வினா அவனைத் தடுக்கின்றது. அவன் திரும்பி வந்து நாவிதன் வீட்டிலேயே நீர் அருந்துகின்றான்.

நாவலின் உண்மையான சதுக்கம் இதுவே. ஆயின் தாகூர் கதையை இங்கு முடிக்கவில்லை. மாணவர்க்காகப் பொலிசாரோடு மோதி ஒரு மாதச் சிறைவாசம் அனுபவித்த கோரா, மீண்டதும் தீட்டுக் கழிக்கப் பிராயச்சித்தத்துக்கு ஆயத்தஞ் செய்கின்றான். அவ்வேளையில் வளர்ப்புத் தந்தை நோயுற்று, இவன் 1857ஆம் ஆண்டுக் கிளர்ச்சிக் காலத்தில் பிறந்த ஐரிஷ் குழந்தை என்னும் இரகசியத்தை வெளியிடுகின்றார். சாதியும் ஆசாரமும் ஒரு நொடியில் அவனை விட்டு நீங்குகின்றன. நூலின் முடிவில் அவன் தாயிடம், லச்சுமியாவை அழைத்து நீர் கொண்டுவரச் சொல்லுமாறு வேண்டுகின்றான். படிப்போர் கண் கலங்கும் இடம் அது. எனினும் ஒரு குறை எஞ்சுகின்றது. தன்னால் அவிழ்க்க முடியாத கட்டைப் பிறப்பின் தற்செயல் அவிழ்த்துவிட்டது. மெய்யாகவே பிராமண குலத்திற் பிறந்திருந்தால் அவன் அந்நீரைக் கேட்டிருப்பானா? தாகூர் இவ்வினாவை எழுப்பி, விடை கூறும் பொறுப்பிலிருந்து தம் தலைவனை விடுவித்துவிட்டார். அச்சந்தியை யாருடைய துணையுமின்றிக் கடந்தவள் ஆனந்தமயி ஒருத்தியே. அநாதைக் குழந்தையைக் கையில் ஏந்திய அன்றே, எந்நூலையும் புரட்டாமல், அவள் அதனைக் கடந்துவிட்டாள்.

தாகூர் தம் தலைவனுக்கு அளித்த அவ்விடுதலையை அனந்தமூர்த்தி அளிக்கவில்லை. 1965இல் கன்னடத்தில் வெளிவந்த ‘சம்ஸ்காரா’ ஒரு பிணத்தோடு தொடங்குகின்றது. துர்வாசபுரம் என்னும் மாத்துவப் பிராமண அக்கிரகாரத்தில் நாரணப்பன் கொள்ளைநோயால் இறக்கின்றான். அவன் புலால் உண்டவன்; சாளக்கிராமத்தை ஆற்றில் எறிந்தவன்; சந்திரி என்னும் தாழ்த்தப்பட்ட குலத்துப் பெண்ணோடு வாழ்ந்தவன். ஆயினும் சாதியினின்றும் விலக்கப்படாதவன். அவனுக்கு ஈமக்கடன் செய்வோர் யார்? பிணம் எடுக்கப்படும் வரை அக்கிரகாரத்தில் எவரும் உண்ணலாகாது. சந்திரி தன் நகைகளைக் கழற்றிச் செலவுக்கென வைத்ததும், விலகி நின்றவர்களே பொன்னை நோக்கி நெருங்குகின்றனர்.

விடைகூற வேண்டியவர் பிராணேசாசாரியார். சாஸ்திரங்களைக் கரைகண்டவர், நோயாளியான மனைவிக்குப் பணிசெய்து வாழ்வதையே தவமாகக் கொண்டவர். அவர் ஏடுகளைத் தேடுகின்றார், விடையில்லை. மாருதி கோயிலில் வரம் வேண்டிக் காத்திருக்கின்றார், குறிப்பில்லை. கோயிலினின்று மீளும் வழியில், இருளில், சந்திரியோடு கூடுகின்றார். அவ்விரவிலேயே சந்திரி, அகமது பாரி என்னும் முஸ்லிம் வணிகன் துணையோடு பிணத்தைத் தகனஞ் செய்துவிட்டு விலகிப் போகின்றாள். பண்டிதர்கள் பல நாள் வாதித்தும் தீராத கேள்வி, வாதமறியாத இருவரால் ஓரிரவில் தீர்ந்தது.

சம்ஸ்காரம் என்னுஞ் சொல் ஈமக்கிரியையையும் குறிக்கும். மனிதனைப் பண்படுத்துதலையும் குறிக்கும். நாவலின் பிற்பாதி இவ்விரண்டாம் பொருளைப் பற்றியது. மனைவியும் இறந்தபின் ஊரைவிட்டு அலையும் ஆசாரியார், தாம் செய்த செயலைத் தமதென ஏற்பதா, எண்ணாமல் நேர்ந்ததெனத் தள்ளுவதா என உழல்கின்றார். தம் தவமே ஒருவகைச் செருக்காக இருந்ததோ என்னும் ஐயமும் அவரை வருத்துகின்றது. தவவேடத்தாரைப் பற்றும் சதுக்கப் பூதம் இங்கே அவர் நெஞ்சினுள்ளேயே நிற்கின்றது. உண்மையைச் சொல்லிவிடும் எண்ணத்தோடு ஊர் திரும்பும் வண்டியில் அவர் ஏறுகின்றார். கதை அங்கே நின்றுவிடுகின்றது. முடிவில்லாத முடிவு எனச் சிலர் குறை கூறுவர். அஃது குறையன்று. சொன்னாரா இல்லையா என்பதை ஆசிரியர் கூறியிருப்பின் வாசகன் தீர்ப்பு வழங்கிவிட்டு எழுந்துபோவான். கூறாமையால் அவனும் அவ்வண்டியில் ஏறி அமர்கின்றான்.

இவ்விரு நாவல்களிலும் சோதிக்கப்படுவோர் தனிமனிதர். ஒரு சமூகம் முழுவதும் சந்தியில் நிற்பதைக் காட்டுவது 1964இல் வெளிவந்த ‘கடவுளின் அம்பு’. இக்போ மக்களின் ஆறு ஊர்களுக்கும் பொதுவான தெய்வம் உளு. அதன் பூசகர் எசெயுளு. பிறைதோறும் ஒரு வள்ளிக்கிழங்கை உண்டு, இறுதிக் கிழங்கு தீர்ந்தபின் புதுக்கிழங்கு விழாவை அறிவித்தல் அவர் கடமை. விழா அறிவிக்கப்படாமல் எவரும் அறுவடை செய்யார். ஆங்கில அதிகாரி அவரை அழைத்துத் தடுத்து வைத்தமையால் இரு பிறைகள் கழிந்துபோகின்றன. மீண்டு வந்த பூசகர், எஞ்சிய கிழங்குகள் தீரும்வரை விழா இல்லை என்கின்றார். பழி நேரின் அதனைத் தாமே ஏற்பதாக ஊர்ப் பெரியோர் வேண்டியும் அவர் இணங்கவில்லை. தம்மைக் கைவிட்ட ஊர் மீது கொண்ட சினத்தைத் தெய்வத்தின் சித்தமென அவர் நம்பிவிட்டார். கிழங்கு நிலத்திலே அழிய, மக்கள் பசியால் வாடுகின்றனர். விளைச்சலைத் தம் ஆலயத்துக்குக் காணிக்கையாகக் கொணர்வோரை உளுவின் கோபம் அணுகாது என மிஷன் சபையினர் அறிவிக்கின்றனர். மக்கள் அங்கே செல்கின்றனர். அவர்களை மாற்றியது வேத விளக்கமன்று, பசி.

மணிமேகலையின் ஆசிரியர் இவ்வுண்மையை நன்கு உணர்ந்தவர். வஞ்சியிற் சமயக்கணக்கர் திறங் கேட்பது இருபத்தேழாங் காதையிலேதான். அதற்கு முன்பே அவள் அமுதசுரபியை ஏந்திப் பசித்தோர்க்கு உணவளித்து, சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக்கிவிட்டாள். பசி தீர்த்த கையே தத்துவங் கேட்கத் தகுதி பெற்றது என்பது காப்பிய அமைப்பிலிருந்து பெறப்படும். எசெயுளு இவ்வரிசையைத் தலைகீழாக்கினார்.

எசெயுளு தம் மைந்தன் ஒருவனை மிஷன் பாடசாலைக்கு அனுப்புகின்றார் என்பதும் யாழ்ப்பாணத்தார்க்குப் புதிதன்று. பேர்சிவல் பாதிரியாரின் விவிலிய மொழிபெயர்ப்புக்கு உதவிய ஆறுமுக நாவலர், 1848இல் வண்ணார்பண்ணையிற் சைவப்பிரகாச வித்தியாசாலையை நிறுவினார். கல்வி வேண்டியோர் சமயம் மாற நேர்ந்த நிலைக்கு அவர் அளித்த விடை வெறும் வாதமன்று; ஒரு பாடசாலை. ஆயின் அச்சந்தியோடு கேள்விகள் முடிந்துவிடவில்லை. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில் ஆலயப் பிரவேசங் கோரி நின்றவர்கள் வேறொரு வினாவை எழுப்பினர். ‘எச்சமயம்?’ என அவர்கள் கேட்கவில்லை. ‘எம் சமயத்தில் எமக்கு இடம் எங்கே?’ என்றே கேட்டனர்.

அவ்விடத்தில் நின்று நோக்கும்போது முற்கூறிய நாவல்களின் எல்லையும் புலப்படுகின்றது. லச்சுமியாவின் கையால் நீர் வேண்டப்படுகின்றது. அவள் நெஞ்சில் நிகழ்ந்தது யாது என்பதைத் தாகூர் கூறார். சந்திரி தகனஞ் செய்கின்றாள். அதன்பின் கதையினின்றே மறைந்துபோகின்றாள். அவளை ஆசாரியாரின் விழிப்புக்குக் கருவியாகவே அனந்தமூர்த்தி கண்டார். தீண்டலாமா என்று தயங்குவோனின் துயரம் நுட்பமாக எழுதப்பட்டது. தீண்டப்படாமல் நின்றோரின் துயரம் எழுதப்படவில்லை. சந்தியில் நின்று தயங்குதற்கும் ஓர் உரிமை வேண்டும். தெருவிலே நடக்கத் தடையுள்ளவனுக்கு எவ்வழி என்னும் வினாவே எழாது. இக்குறையை யாழ்ப்பாண மண்ணிலிருந்து நிறைக்க முயன்றவர் கே. டானியல். 1972இல் வெளிவந்த ‘பஞ்சமர்’ ஒடுக்கப்பட்டோரையே கதையின் நடுவில் நிறுத்திற்று. பின்னர் ஒரு நாவலுக்குத் ‘தண்ணீர்’ என்றே அவர் பெயரிட்டார். கலைநுட்பத்தில் அவை முற்கூறியவற்றுக்கு நிகராகா எனக் கூறுவோர் உளர். அக்கூற்றில் ஓரளவு உண்மையும் உண்டு. பல பாத்திரங்கள் ஆசிரியரின் கொள்கையைச் சுமந்து நடக்கின்றன. எனினும், கோரா கேட்ட நீரைக் கொண்டுவருவோர் பக்கத்திலிருந்து வந்த குரல் அது. அக்குரலைக் கேளாது கோராவை மட்டும் படிப்பவன் கதையிற் பாதியையே படித்தவன் ஆவான்.

நாவல்களைப் பாடநூலாகப் பயிலும் மாணவர் ‘தலைவன் எடுத்த முடிவு சரியா?’ என்னும் வினாவுக்கே பெரிதும் விடை எழுதுகின்றனர். அது மறையவனின் கேள்வி. ஒரு குவளை நீர், ஒரு பிணம், ஒரு வேளை உணவு ஆகியன எதிர்ப்பட்டபோது அவன் கொண்டிருந்த நம்பிக்கை என்ன செய்தது என்பது பூதத்தின் கேள்வி. பின்னையதற்கு விடை எழுதுவோர், கதைத் தலைவனைப் பற்றி மட்டும் எழுதி முடித்துவிட இயலாது.