கண்ணில் படாத குட்டைத் திமிங்கிலம்

திமிங்கிலம் என்றாலே மலையளவு உடலைத்தான் நினைக்கிறோம். குட்டை எண்ணெய்த் திமிங்கிலம் அந்த எண்ணத்தைக் கலைத்துவிடும். முழு வளர்ச்சியிலும் இதன் நீளம் 2.7 மீட்டரைத் தாண்டுவது அரிது. பெரிய டால்பின்கள் சில இதைவிட நீளமானவை.

எதிரிகளை ஏமாற்ற இதனிடம் பல வித்தைகள் உண்டு. கண்ணுக்குப் பின்னால் மீனின் செவுள்போல வெளிறிய பிறைக்கோடு. கீழ்த்தாடையில் ஊசிப் பற்கள். பார்த்தால் சுறா என்றே தோன்றும். மிரண்டால் குடலோடு ஒட்டிய பையிலிருந்து செம்பழுப்பு நிறத் திரவத்தைப் பீய்ச்சி நீரைக் கலக்கிவிட்டு ஆழத்துக்குப் போய்விடும். இது விரும்பி உண்ணும் கணவாயும் இதே தந்திரத்தைத்தான் செய்கிறது! இரை தேட எழுப்பும் ஒலியோ 100 கிலோஹெர்ட்ஸுக்கும் மேலே. கொலைகாரத் திமிங்கிலத்தின் காதுக்கு அது அநேகமாக எட்டாது.

கடல் அமைதியாக இருக்கும்போது மரக்கட்டைபோல அசையாமல் மிதக்கும். பிறகு வாலைத் தூக்காமல், துளி நீர் தெறிக்காமல், நின்ற வாக்கில் அமிழ்ந்துவிடும். மூச்சு விடும்போது எழும் நீர்த்தாரையும் தெரிவதில்லை. அதனால் நாம் அறிந்தவற்றில் பெரும்பகுதி கரையொதுங்கிய உடல்கள் சொன்னவை.

அறிவியலுக்கு இது அறிமுகமானதும் அப்படித்தான். அன்றைய சென்னை மாகாணத்து விசாகப்பட்டினக் கரையில் கிடைத்த மாதிரியை வால்டர் எலியட் அனுப்ப, ரிச்சர்ட் ஓவன் 1866இல் அதைப் புதிய இனமாக விவரித்தார். பிற்பாடு அதன் நெருங்கிய உறவினத்தோடு சேர்த்துக் குழப்பிக்கொண்டார்கள். இரண்டும் வேறுவேறு என்று உறுதியானது 1966இல்தான். ஒளிந்து வாழும் கலையில் இதை மிஞ்சும் திமிங்கிலங்கள் வெகு சில.