பின்பக்கமாக நடக்கும் கமெரா

2021 பெப்ரவரி 3ஆம் திகதி இலங்கையின் பொத்துவிலில் தொடங்கிய தமிழர்களின் உரிமைப் பேரணி, 7ஆம் திகதி பொலிகண்டியில் முடிந்தது. அக்கரைப்பற்று, கல்முனை என்று அது கடற்கரை ஊர்களைக் கடந்தபோது முஸ்லிம்களும் சேர்ந்துகொண்டார்கள். கொவிட்டில் மௌத்தானவர்களின் ஜனாஸாக்களை எரிக்காதே என்பது அவர்களின் கோரிக்கை. அந்த மாதம் 25ஆம் திகதிதான் அடக்கம் செய்ய அனுமதிக்கும் வர்த்தமானி வந்தது.

இப்படியான பேரணியைக் கைபேசியில் எடுப்பது லேசுப்பட்ட வேலை இல்லை.

கூட்டத்தோடு நடந்தால் முதுகுகள்தான் விழும். ஆகவே எடுப்பவர் முன்னுக்கு ஓடிப்போய், பின்பக்கமாக நடந்தபடி எடுக்க வேண்டும். வீதிப் பள்ளம் கண்ணில் படாது. தோளைப் பிடித்து வழிகாட்டக் கூட்டாளி ஒருவர் தேவை. முழங்கையை விலாவோடு ஒட்டிக்கொண்டால் படம் அதிகம் ஆடாது. கைதேர்ந்தவர், பதாகையை ஒருவர் வாசித்து முடிக்கும்வரை கையை அசைக்க மாட்டார். ஊர்ப்பெயருள்ள கடைப் பலகை ஒன்றையும் சேர்த்துப் பிடிப்பார். எந்த ஊர் என்ற கேள்வி பிறகு எழாது. கோஷத்தின்மேல் இசையைப் போடாத அடக்கமும் அருமையானது.

பேரணிக்குப் போன பலரைப் பொலிஸார் பிறகு விசாரித்தார்கள். அதனால் இளசுகளின் முகத்தை நெருங்காமல், கூட்டத்தைக் கூட்டமாகவே எடுக்கும் நிதானத்தைத் தனியாகப் பாராட்ட வேண்டும்.