ஆந்தை என்றால் ஆதனின் தந்தை

பிசிராந்தையார் என்ற பெயருக்குள் ஒரு மகன் இருக்கிறான். கோப்பெருஞ்சோழனை நேரில் காணாமலே நட்புக் கொண்டவர், அவன் வடக்கிருந்தபோது தேடிவந்து தானும் உயிர்விட்டவர் என்று அந்தப் புலவரை நமக்குத் தெரியும். பிசிர் அவருடைய ஊர். ஆந்தை என்பது என்ன? தொல்காப்பியத்தின் புள்ளிமயங்கியலில் விடை இருக்கிறது. ஆதன் என்ற பெயரோடு தந்தை என்ற முறைச்சொல் புணர்ந்தால் ஆந்தை. பூதனோடு புணர்ந்தால் பூந்தை. சாத்தனோடு புணர்ந்தால் சாத்தந்தை. ஆக, அவர் பிசிர் என்னும் ஊரிலிருந்த ஆதனுடைய அப்பா. அவருடைய சொந்தப் பெயர் நமக்கு வந்து சேரவில்லை. மகன் பெயரால் அழைக்கப்பட்டவராகவே அவர் நிலைத்துவிட்டார். இலக்கண நூல் தனியே விதி வகுக்கும் அளவுக்கு அன்று இந்த வழக்கம் ஊன்றியிருந்திருக்கிறது.

ஆங்கிலத் தத்துவ அறிஞர் ஜான் ஸ்டூவர்ட் மில் 1843இல் வெளியிட்ட தர்க்க நூலில், ஒருவருடைய பெயர் ஆளைச் சுட்டுமே தவிர அவரைப் பற்றி எதுவும் சொல்லாது என்றார். அலிபாபா கதையில் திருடன் வீட்டுக் கதவில் போடும் சுண்ணக்கட்டிக் குறியை அதற்கு உவமை காட்டினார். நம் இலக்கணக்காரர்களின் சொல்லில், ஆட்பெயர் எல்லாம் இடுகுறிப்பெயர் என்பது அவருடைய கட்சி. மானிடவியலாளர்கள் ஊர் ஊராகப் போய்ப் பெயர்களைக் கேட்டுத் திரட்டியபோது இந்தக் கட்சி நிற்கவில்லை. பெயர் ஆளை வகைப்படுத்துகிறது என்று கிளாட் லெவி-ஸ்ட்ராஸ் 1962இல் விரிவாக எழுதினார். பெயர்களைப் படிக்கப் படிக்க எனக்குத் தோன்றுவது இன்னும் எளிமையானது. ‘நீ யார்’ என்ற கேள்விக்குப் பெயர் பதில் சொல்வதில்லை. ‘நீ யாரோடு சேர்ந்தவர்’ என்ற கேள்விக்குத்தான் சொல்கிறது.

முன்னோரும் பின்னோரும்

ஐஸ்லாந்தில் இன்றும் பெரும்பாலோருக்குக் குடும்பப்பெயர் கிடையாது. 1980இல் மக்கள் வாக்களித்து உலகிலேயே முதன்முறையாக ஒரு பெண்ணை நாட்டின் அதிபராகத் தேர்ந்தெடுத்தார்கள். அவர் விக்தீஸ் ஃபின்போகதோத்திர். ஃபின்போகியின் மகள் விக்தீஸ் என்பதுதான் அதன் பொருள். அங்கே தொலைபேசிப் பட்டியலே முதற்பெயரின் அகரவரிசையில்தான் அச்சானது. அரபு மரபு முன்னும் பின்னும் பார்க்கிறது. ‘இப்னு’ என்று தந்தையைக் காட்டும்; ‘அபூ’ என்று பிள்ளையைக் காட்டும்.

பாலித் தீவு இன்னும் ஒரு படி போகிறது. அங்கே சாதாரணக் குடும்பங்களில் தலைப்பிள்ளை வாயான், அடுத்து மாடே, ஞோமான், கெதுத். ஐந்தாவது பிறந்தால் மறுபடி வாயான். வளர்ந்து பிள்ளை பெற்றதும் அவர் ‘இன்னாரின் அப்பா’ ஆவார். பிறகு ‘இன்னாரின் தாத்தா’, அதன்பின் ‘இன்னாரின் கொள்ளுத்தாத்தா’. கிளிஃபர்ட் கீர்ட்ஸ் 1966இல் எழுதிய பாலிக் கட்டுரை இதைத்தான் ஆராய்கிறது. வயது ஏற ஏற ஒருவர் பெயர் அவருக்குப் பின்னால் வருகிறவர்களை நோக்கித் திரும்புகிறது. பிசிராந்தையார் அந்தத் தீவில் பிறந்திருந்தாலும் அவர் பெயரை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியிருந்திருக்காது.

தமிழில் இந்த எண்ணம் உறவுச்சொல்லிலேயே தங்கிவிட்டது. பேரன் என்பது பெயரன்; தாத்தாவின் பெயரைத் தாங்குகிறவன். பேத்தி, பெயர்த்தி. நம் வீடுகளில் மாமனார் பெயரை மகனுக்கு வைத்துவிட்டு, அந்தப் பெயரை வாயால் சொல்ல முடியாமல் ‘தம்பி’ என்றும் ‘ராசா’ என்றும் கூப்பிட்டே வளர்த்த தாய்மார்கள் உண்டு. பிள்ளை பெயரில் பெரியவரின் மரியாதை குடியிருந்தது.

நாளும் நோயும்

கானாவின் அகான் மக்களுக்குப் பிறந்த கிழமைதான் முதல் பெயர். திங்களில் பிறந்த ஆண்பிள்ளை குவாஜோ, வெள்ளியில் கோஃபி, சனியில் குவாமே. ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த கோஃபி அட்டா அன்னானின் முழுப்பெயரைப் பிரித்தால் வெள்ளிக்கிழமை பிறந்தவர், இரட்டையரில் ஒருவர், நான்காம் பிள்ளை என்று மூன்று செய்தி கிடைக்கும்.

இந்தக் கிழமைப் பெயர்கள் அடிமைக் கப்பலில் அட்லாண்டிக்கைக் கடந்தன. ஜமைக்கா மலைகளில் தப்பி வாழ்ந்த மரூன் மக்களின் தலைவர் 1739இல் ஆங்கிலேயரை உடன்படிக்கைக்கு வரவைத்தார். அவர் பெயர் கஜோ. அகான் மொழியின் குவாஜோதான் அது. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் கரையோரத்தில் கோஃபி என்ற ஒருவர் அடிமையாக இருந்து விடுதலை பெற்றார். ஸ்லோகம் என்ற எஜமானர் குடும்பத்தின் பெயர் அவர்மேல் ஒட்டியிருந்தது. பிள்ளைகள் அதை உதறிவிட்டு, அப்பாவின் கிழமைப் பெயரையே குடும்பப்பெயராக்கிக்கொண்டார்கள். 1759இல் பிறந்த மகன் பால் கஃபி சொந்தக் கப்பல்கள் வைத்து வணிகம் செய்தார். 1811இல் ஆப்பிரிக்காவின் சியரா லியோனுக்கே கப்பலோட்டிப் போனார். நிலம், மொழி, தெய்வம் எல்லாம் பறிபோன பிறகும் ஒரு வெள்ளிக்கிழமை அந்தக் குடும்பத்திடம் மிஞ்சியிருந்தது.

பிள்ளைச் சாவு மலிந்த காலங்கள் வேறொரு வகைப் பெயரைத் தந்தன. மங்கோலியர் ‘பெயரில்லை’ என்று பொருள்பட நெர்குய் என்றும், ‘இது அல்ல’ என்று பொருள்பட எனெபிஷ் என்றும் வைப்பார்கள். பிள்ளையைக் கொண்டுபோக வரும் கெட்ட சக்தி ஏமாந்து திரும்பட்டும் என்பது நோக்கம். சீனத்தின் ஹான் பேரரசுத் தளபதி ஹுவோ சூபிங்கின் பெயருக்கு ‘நோய் நீங்குக’ என்று பொருள். நம் குப்பை, பிச்சை, மூக்கன் எல்லாம் இவர்களின் உறவினர்கள். முன்பிறந்தவை தங்காமல் போனால், அடுத்த பிள்ளையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுப்பார்கள், மூக்குக் குத்துவார்கள். இன்று வகுப்பறையில் சிரிப்புக்கு ஆளாகிற அந்தப் பெயர்களுக்குப் பின்னால் பிள்ளையைப் பறிகொடுத்து நடுங்கிய ஒரு தாய் நிற்கிறாள்.

கல்லும் காகிதமும்

கீழடிப் பானையோட்டில் ஆதன் என்ற பெயர் இருக்கிறது. எகிப்தின் செங்கடல் துறையான குசேர் அல்-கதீமில் கிடைத்த ஓடுகளில் கணன், சாதன் என்ற பெயர்கள் தமிழ் பிராமி எழுத்தில் உள்ளன. தஞ்சைப் பெரிய கோயிலில் ராஜராஜன் குடியமர்த்திய 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயர்கள் வீட்டு வரிசையோடு கல்லில் உள்ளன. பரவை, மறைக்காடு, தில்லையழகி, எடுத்தபாதம் என்று படித்துக்கொண்டே போகலாம். தேவாரம் பாடிய தலங்களும் கூத்தன் தூக்கிய திருவடியும் பெண்களின் பெயராகி நிற்கின்றன. நொபொரு கரஷிமா, எ. சுப்பராயலு, தொரு மட்சுயி ஆகிய மூவரும் சோழர் கல்வெட்டுப் பெயர்களைத் தொகுத்து 1978இல் வெளியிட்ட மூன்று தொகுதிகள் இத்துறையின் பெருவேலை.

காகிதத்தில் பெயர் எழுதிய அரசுகளின் நோக்கம் வேறு. வரி, படை, சொத்து ஆகியவற்றுக்கு மாறாத பெயர் வேண்டும் என்று அவை கருதின. பிலிப்பைன்ஸில் ஸ்பானிய ஆளுநர் கிளாவேரியா 1849இல் குடும்பப்பெயர்ப் பட்டியல் ஒன்றை அச்சிட்டு அனுப்பினார். சில மாகாணங்களில் அதன் தாள்கள் ஊருக்குச் சில என்று பிரித்துக் கொடுக்கப்பட்டன. அதனால் இன்றும் சில ஊர்களில் பெரும்பாலோரின் குடும்பப்பெயர் ஒரே எழுத்தில் தொடங்குகிறது. ஜப்பான் 1875இலும் சயாம் 1913இலும் துருக்கி 1934இலும் குடும்பப்பெயரைச் சட்டமாக்கின. மங்கோலியாவில் குலப்பெயர் தடைசெய்யப்பட்டு, 1990களில் மீண்டும் வந்தது. அதற்குள் பலருக்குத் தங்கள் குலப்பெயரே மறந்துவிட்டது. விண்வெளி சென்ற முதல் மங்கோலியரான குர்ரக்சா, ‘அண்டவெளி’ எனப் பொருள்படும் ‘சன்சார்’ என்பதைத் தேர்ந்துகொண்டார். பௌத்தத்தின் கைபிடித்து அங்கே போன நம் ‘சம்சாரம்’தான் அந்தச் சொல்.

தமிழ்நாடு எதிர்த்திசையில் நடந்தது. 1929இல் செங்கல்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டத்தைப் பெயரிலிருந்து நீக்கத் தீர்மானித்தது. வால் போனது, முன்னால் தந்தையின் முதலெழுத்து மட்டும் நின்றது. பெயரைக் கேட்டதும் சாதி தெரியாத ஒரு பொதுவெளியை அந்த ஒற்றை எழுத்து நமக்குத் தந்தது. இந்தியாவில் இது சிறிய சாதனை அல்ல.

கடவுச்சீட்டுப் படிவத்துக்கு அந்த எழுத்து போதவில்லை. ஒருமுறை வெளிநாட்டு விமான நிலையம் ஒன்றில் ஒலிபெருக்கி என் அப்பாவின் பெயரை மூன்று முறை அழைத்தது. குடும்பப்பெயர்க் கட்டத்தில் நான் நிரப்பியது அதைத்தான். அவர் இறந்து பல ஆண்டுகள் ஆகியிருந்தன. மூன்றாம் அழைப்பில்தான் என்னைத்தான் கூப்பிடுகிறார்கள் என்று உறைத்தது. எழுந்து போய் அவர் பெயருக்கு நான் ‘ஆமாம்’ என்றேன்.

அன்று அதைப் படிவத்தின் குளறுபடி என்றே நினைத்தேன். இப்போது அப்படித் தோன்றவில்லை. எங்கள் தெருவில் என் அப்பாவை முழுப்பெயர் சொல்லி அழைத்தவர்கள் குறைவு. என் பெயரைச் சொல்லி, அதோடு ‘அப்பா’ சேர்த்துத்தான் அழைத்தார்கள். அவரும் திரும்பிப் பார்த்து ‘ஆமாம்’ என்பார். ஆதனின் தந்தையும் பிசிரில் அப்படித்தான் திரும்பிப் பார்த்திருப்பார்.